தோணி கவிழ்ந்த படமும் நீ கேட்ட கேள்வியும்

அன்பு மகனுக்கு அம்மா எழுதுவது. நான் சுகமாக இருக்கிறேன். மழை பிடித்தால் முழங்கால் வலி கொஞ்சம் கூடும், அதைப் பெரிதாக நினைக்க வேண்டாம். சென்னப்பட்டணத்திலிருந்து நீ போட்ட கடுதாசி வந்து ஒரு வாரத்துக்கு மேல் ஆகிறது. பதில் எழுதாமல் இருந்தது சோம்பலால் அல்ல. நீ எடுத்த தோணிப் படத்தை அங்கே சில பெரிய மனிதர்கள் பார்க்கப் போகிறார்கள் என்றும், அவர்களுக்குப் பிடித்தால் பெரிய படம் எடுக்க உன்னையே வைத்துக்கொள்வார்கள் என்றும் எழுதியிருந்தாய். படத்தின் முடிவில் அந்தப் பையன் கரையேறிப் பிழைப்பதாகக் காட்டுவதா, ஆற்றோடு போய்விட்டதாகக் காட்டுவதா என்று உனக்குப் பிடிபடவில்லை, நான் சொல்கிறபடியே செய்வதாகவும் எழுதியிருந்தாய். அதை வாசித்ததிலிருந்து எனக்கும் ஒன்றும் பிடிபடவில்லை. உலை கொதிக்க, அரிசியைக் களையாமல் கையில் வைத்துக்கொண்டு நிற்கிறேன். ஜெபம் பண்ண உட்கார்ந்தால் தோணிதான் கண்ணுக்குள் வருகிறது. இந்தக் கடுதாசியை நீ மட்டும் வாசிக்க வேண்டும் என்பதில்லை. உன்னோடு வேலை செய்கிறவர்களுக்கும் படித்துக் காட்டு. அவர்களில் யாருக்காவது தெளிவு இருந்தால் எனக்கும் எழுதச் சொல்.

முதலில் உன் வேலைக்கு என்ன பெயர் என்றே எனக்குச் சொல்ல வரவில்லை. ஞாயிற்றுக்கிழமை கோயில் முடிந்து வெளியே வந்தால் உபதேசியார் மனைவி பிடித்துக்கொள்கிறாள். "மவன் இப்பம் என்ன சோலி பாக்கான்க்கா?" என்கிறாள். நீ வாத்தியாராக இருந்தபோது ஒரே சொல்லில் சொல்லிவிட்டுப் படியிறங்கினேன். பத்திரிகைக்கு எழுதிய நாட்களில் கொஞ்சம் குரலைத் தாழ்த்திச் சொன்னேன். இப்போது நீ எழுதியிருக்கிறபடி "டைரக்டர்" என்றால், எந்தக் கம்பெனிக்கு என்று கேட்கிறார்கள். "படம் எடுக்கான்" என்றால், "எங்க வீட்டுக் கலியாணத்துக்கு வந்து எல்லாரையும் நிக்க வச்சு ஒண்ணு எடுப்பானா?" என்கிறார்கள். "இது அசையுற படம்" என்றேன் ஒருநாள். உபதேசியார் மனைவி என் கையைப் பிடித்துக்கொண்டு, "எல்லாம் சரியாயிரும், நான் ஜெபத்துல வச்சிக்கிடுதேன்" என்றாள். எனக்குச் சிரிப்பு வந்தது. வீட்டுக்கு வந்த பிறகு அழுகையும் வந்தது. ஏன் என்று கேட்டால் சொல்லத் தெரியாது.

உன் அப்பா போனபோது நீ ஹைஸ்கூலில் வாசித்துக்கொண்டிருந்தாய். நான் பெண்கள் பள்ளிக்கூடத்தில் சொல்லிக்கொடுத்துத்தான் உன்னைப் படிக்க வைத்தேன். நீயும் பாளையங்கோட்டையிலேயே வாத்தியாராக ஆனபோது இனி எனக்கு ஒரு குறையும் இல்லை என்று நினைத்தேன். அப்போதே உன் போக்கு வேறு என்பதை நான் கண்டிருக்க வேண்டும். பூகோள வகுப்பில் தாமிரபரணி பாடம் வந்தால் மற்ற வாத்தியார்கள் படத்தைச் சுவரில் மாட்டிக் கம்பால் காட்டுவார்கள். நீ பையன்களை மைதானத்துக்குக் கூட்டிப்போய், மண்ணில் ஆற்றைக் கீறி, ஒவ்வொரு பையனையும் ஒவ்வொரு அணைக்கட்டாக நிறுத்திக் குடம் குடமாகத் தண்ணீர் ஊற்றச் சொன்னாய். மேலே நின்ற பையன்கள் தங்கள் தங்கள் வாய்க்காலுக்குத் திருப்பிக்கொண்டார்கள். கடைசி அணையான ஸ்ரீவைகுண்டமாக நின்ற பையனுக்குச் சொட்டுத் தண்ணீர் வரவில்லை. அவன் ஓவென்று அழுதான். அந்த நேரம் பார்த்து இன்ஸ்பெக்டர் வந்து நின்றார். பாடம் நடக்கிறதா, விளையாட்டு நடக்கிறதா என்று அவருக்கும் விளங்கவில்லை. அன்று சாயங்காலம் நீ என்னிடம், "எம்மா, அந்தப் பையன் இனிச் சாவுற வரைக்கும் ஸ்ரீவைகுண்டத்த மறக்க மாட்டான்" என்று சொல்லிவிட்டுச் சாப்பிட உட்கார்ந்தாய்.

அதே கையோடு வாரப் பத்திரிகைக்கும் எழுதிக்கொண்டிருந்தாய். பெரும்பாலும் மழை, விளைச்சல், கோயில் பிரதிஷ்டை, ரயில் தாமதம். அதில் யாருக்கும் வருத்தம் இல்லை. அந்த வருஷம் ஐப்பசியில், தீபாவளிக்கு முந்தின நாள், சீவலப்பேரிக்குக் கீழே உள்ள துறையில் தோணி கவிழ்ந்தது. ஆற்றில் வெள்ளம் புரண்டு ஓடியது. பண்டிகைக் கூட்டம் என்று, தோணித்துறையை ஏலம் எடுத்திருந்த குத்தகைக்காரரின் ஆட்கள் தோணி கொள்ளாத அளவுக்கு ஏற்றிவிட்டார்கள். நமக்குக் கீரை கொண்டு வருகிற செல்லம்மாளின் ஒரே மகன் மாமனோடு அந்தத் தோணியில் ஏறியிருந்தான். மாமன் ஒரு மரத்தைப் பிடித்துத் தப்பித்தான். பையன் போய்விட்டான். இன்னும் இரண்டு பெண்களும் போனார்கள். நீ சேதி கேட்டதும் பள்ளிக்கூடத்துக்கு லீவு சொல்லிவிட்டு நடந்தே போனாய். செல்லம்மாளின் வீட்டு வாசலில் மண்ணில் உட்கார்ந்து, அவள் பேசுகிற வரைக்கும் பேசாமல் இருந்தாயாம். அவளே பிறகு என்னிடம் சொன்னாள். "அழாதன்னு சொல்லலக்கா. ஆண்டவன் சித்தம்னும் சொல்லல. அங்கனயே இருந்தாவ. பொறவு பைய, என்ன நடந்துன்னு கேட்டாவ."

நீ எழுதியது பத்திரிகையில் வந்தது. ஆட்களை அதிகம் ஏற்றியதையும், தோணி சாய்ந்ததும் தோணிக்காரன் முதல் ஆளாகக் குதித்து நீந்திப் போய்விட்டதையும் எழுதியிருந்தாய். அதை நான் செல்லம்மாளுக்கு வாசித்துக் காட்டினேன். தலையை ஆட்டிக்கொண்டு கேட்டாள். அடுத்த வாரமே எல்லாம் தலைகீழாகிவிட்டது. குத்தகைக்காரர் சாட்சிகளைச் சேர்த்துவிட்டார். தோணியில் பாதிதான் ஆள், மிதந்து வந்த மரம் மோதித்தான் கவிழ்ந்தது, தோணிக்காரன் கடைசி வரை போராடினான் என்று பேர் பேராகச் சொன்னார்கள். செல்லம்மாளின் தம்பி, அந்த மாமன்காரனே, அப்படிச் சொன்னான். அவன் உழுகிற நிலம் யாருடையது என்று உனக்கும் தெரியும். பத்திரிகைக்காரர்கள் தவறான சேதிக்கு வருந்துவதாகப் போட்டார்கள். பள்ளிக்கூட மேனேஜர் உன்னைக் கூப்பிட்டு, பத்திரிகையா வேலையா, ஒன்றைச் சொல் என்றார். நீ சாக்குக்கட்டியை மேசையில் வைத்துவிட்டு வந்துவிட்டாய். ஊரில் எல்லோரும் உன்னை இட்டுக்கட்டி எழுதுகிறவன் என்றார்கள். கண்ணால் பார்த்தவர்களிடம் கேட்டு எழுதியவனுக்கு அந்தப் பெயர்.

அதன்பிறகு நீ சும்மா இருந்த மாதங்களைப் பற்றி நான் எழுதப்போவதில்லை. அப்போதுதான் ஸ்டேஷனுக்கு எதிரே உள்ள பொட்டலில் ராவுத்தர் பயாஸ்கோப் கொட்டகை போட்டார். தூத்துக்குடிக்காரர், நல்ல மனிதர், நம் வீட்டில் காப்பி குடித்தால் டம்ளரைத் தானே கழுவி வைப்பார். சீமைப் படங்களில் யார் என்ன செய்கிறார்கள் என்று நம் சனங்களுக்கு விளங்கவில்லை, படம் விழுகிற துணிக்குப் பக்கத்தில் நின்று தமிழில் சொல்ல ஒரு ஆள் வேண்டும் என்று தேடிக்கொண்டிருந்தவர் கண்ணில் நீ பட்டாய். பூகோளம் சொல்லிக்கொடுத்த அதே குரலில் வெள்ளைக்காரச் சீமாட்டிக்கும் அவள் நாய்க்கும் நீ பேசினாய். முதல் நாள் நான் பெண்கள் பக்கம் மணலில் உட்கார்ந்து கேட்டேன். நாய் பேசியதற்குத்தான் சனங்கள் அதிகம் சிரித்தார்கள். படித்த பிள்ளை இப்படி நிற்கிறானே என்று வெட்கமாக இருந்தது. ஆனால் பள்ளிக்கூடத்தை விட்ட பிறகு அன்றுதான் உன் முகத்தில் வெளிச்சம் பார்த்தேன். வெட்கப்படுவதா, சந்தோஷப்படுவதா என்று தெரியாமல் முந்தானையால் வாயை மூடிக்கொண்டேன்.

ராவுத்தர் கொழும்பிலிருந்து பழைய கேமரா ஒன்று வாங்கி வந்ததும் நீ வேறு ஆளாகிவிட்டாய். நம் பின்கட்டு அறைக்கு ஈரக் கோணியைத் தொங்கவிட்டு இருட்டாக்கினாய். நெல் அவிக்கிற அண்டாவில் மருந்துத் தண்ணீரைக் கலக்கிப் படச்சுருளை முக்கி எடுத்தாய். அந்த அண்டாவில் இன்று வரை நான் நெல் அவிக்கவில்லை, வாடை போகவில்லை. முதலில் சந்தையை எடுத்தாய், தைப்பூசத்தை எடுத்தாய். பிறகு ஒருநாள், "எம்மா, தோணி கவுந்தத எடுக்கப்போறேன். எழுதினதத்தான் பொய்ன்னுட்டாவ. கண்ணால பாத்தா எப்படிச் சொல்லுவாவ?" என்றாய். எனக்குக் கூடாது என்று சொல்லவும் வாய் வரவில்லை, செய் என்று சொல்லவும் வரவில்லை.

நீ படம் எடுத்த அன்று நானும் ஆற்றுக்கு வந்தேன். வெள்ளம் வடிந்த காலம், இடுப்பளவு தண்ணீர்தான். ராவுத்தரின் அக்காள் மகன் பையனாக நடித்தான். மேலப்பாளையத்தில் சிலம்பம் சொல்லிக்கொடுக்கிற ஒருவர் தோணிக்காரராக நின்றார். தோணியைச் சாய்த்ததும் கரையில் வேடிக்கை பார்த்த சனங்கள் நிஜமாகவே அலறினார்கள். அந்தச் சிறுவனும் பயந்துபோய்த் தண்ணீர் குடித்துவிட்டான். சிலம்பக்காரர் யாரும் சொல்லாமலே பாய்ந்து அவனைத் தலைக்கு மேல் தூக்கிக்கொண்டு வந்தார். கரை முழுக்கக் கை தட்டினார்கள். நீ கேமராவைச் சுற்றுவதை நிறுத்தவே இல்லை. ராவுத்தர், "இதையே முடிவா வையும் தம்பி. புள்ளைய சாவ விட்டா மறுநா எவனும் கொட்டகைக்கு வர மாட்டான்" என்றார். நீ யோசித்துவிட்டுச் சரி என்றாய். வீட்டுக்கு வரும் வழியில் நான், "அந்தப் பையன் பிழைக்கலையேப்பா" என்றேன். "எம்மா, இது பேப்பர் இல்ல, படம்" என்றாய். நானும் விட்டுவிட்டேன். எனக்கு அந்த இரண்டுக்கும் வித்தியாசம் தெரியாததால், உனக்குத் தெரியும் என்று நம்பினேன்.

படத்துக்கு வந்த கூட்டத்தை நான் எந்தத் திருவிழாவிலும் பார்த்ததில்லை. மாட்டுவண்டி கட்டிக்கொண்டு வந்தார்கள். நம் ஆற்றை, நம் முகங்களைத் துணியில் பார்த்து வாயைப் பிளந்தார்கள். இரண்டாம் நாள் குத்தகைக்காரர் வந்தார். முன்னால் நாற்காலி போட்டு உட்கார்ந்து பார்த்தார். முடிந்ததும் துண்டால் கண்ணைத் துடைத்துக்கொண்டு எழுந்து, எல்லோர் முன்னாலும் உன் தோளில் கை போட்டார். "நம்ம தோணிக்காரன் உயிரக் குடுத்துப் புள்ளையத் தூக்குதான், பாத்தியளா? அன்னைக்கு பேப்பர்ல என்னமோ எழுதிட்ட தம்பி. இப்பம் நடந்தத நடந்தபடி காட்டிட்ட" என்றார். உன் தோளிலிருந்து அந்தக் கையை எடுத்துவிட எனக்குத் தோன்றியது. அவர் பொய் சொல்கிறார் என்று எப்படிச் சொல்வது? நீ காட்டியதைத்தானே அவர் சொல்கிறார். நடந்ததை எழுதினாய், யாரும் நம்பவில்லை. நடக்காததைக் காட்டினாய், ஊரே நம்பிவிட்டது. இதை நான் யாரிடம் போய்க் கேட்பது?

மறுநாள் செல்லம்மாள் வந்தாள். வர வேண்டாம் என்றுதான் சொன்னேன், கேட்கவில்லை. பெண்கள் பக்கம் என்னை ஒட்டி உட்கார்ந்தாள். தோணி சாயும்போது என் கையைப் பிடித்தவள், பையனைத் தூக்கிக் கரையில் விடுகிற வரை விடவில்லை. சுற்றி எல்லோரும் கை தட்டினார்கள். அவள் எழுந்து, கூட்டத்தை விலக்கிக்கொண்டு உன்னிடம் போனாள். குரலை உயர்த்தவே இல்லை. "தம்பி, இந்தப் புள்ள கரையேறிட்டான். அப்பம் செத்தது யாரு?" என்று கேட்டாள். பதிலுக்கும் நிற்கவில்லை. தலையில் துணியைப் போட்டுக்கொண்டு நடந்துவிட்டாள்.

அன்று நீ சாப்பிடவில்லை. காலையில் கத்தரிக்கோலை எடுத்து, பையனைத் தூக்குகிற துண்டை வெட்டி எடுத்துவிட்டாய். அன்று சாயங்காலம் தோணி கவிழ்ந்தது, ஆறு ஓடியது, துணி வெறும் வெள்ளையாகிவிட்டது. நீ பக்கத்தில் நின்று ஒரு வார்த்தை சொல்லவில்லை. எனக்கு அது சரியாகத்தான் பட்டது. ஆனால் கூட்டம் எழுந்து கத்தியது, மணலை வாரி வீசினார்கள். ராவுத்தர், "ஏம்வே, இவ்வளவு சனமும் அழுதுக்கிட்டா வீட்டுக்குப் போவும்?" என்று தலையில் கை வைத்துக்கொண்டார். அவரைக்கூட நான் பொருட்படுத்தவில்லை. களக்காட்டுப் பக்கத்திலிருந்து வந்த ஒரு பெரியவர் எல்லோரும் போன பிறகும் கொட்டகைக் கம்பத்தைப் பிடித்துக்கொண்டு நின்றார். "என்ன வேணும் அண்ணாச்சி?" என்று நீ கேட்டாய். "எம்பேரன் போன வருசம் கெணத்துல போயிட்டான்யா. இங்கன ஒரு புள்ள தண்ணியில இருந்து உசுரோட வெளிய வாறதக் காட்டுதாவன்னு சொன்னாவ. அதப் பாக்கத்தான் வண்டி புடிச்சு வந்தேன்" என்றார். நீ உள்ளே போய், வெட்டிய துண்டை ஒட்டி, அவர் ஒருவருக்காக மறுபடி ஓட்டிக் காட்டினாய். அவர் பார்த்துவிட்டுத் துணியைப் பார்த்து ஒரு கும்பிடு போட்டுவிட்டுப் போனார்.

இப்போது சொல், நான் என்ன பதில் எழுதுவது? குத்தகைக்காரர் முகத்தை நினைத்தால் வெட்டிவிடு என்று எழுதத் தோன்றுகிறது. அந்தப் பெரியவரின் கும்பிடை நினைத்தால் பேனா நின்றுவிடுகிறது. ராவுத்தரிடம் கேட்டேன். "நீயத்து நல்லதா இருந்தா எந்த முடிவும் நல்லதும்மா" என்றார். எண்ணம் நல்லதாக இருந்தால் போதும் என்கிறார். உன் எண்ணம் நல்லதுதான். அதனால் செல்லம்மாளின் கேள்விக்குப் பதில் கிடைத்துவிடுமா? நம் சபைப் போதகர் ஐயரிடம் கேட்டேன். பயாஸ்கோப்பே கூடாது என்றார். அதைக் கேட்டுக்கொண்டு வந்ததுதான் மிச்சம்.

ஒன்று மட்டும் எனக்குப் பட்டது. புத்தி சொல்கிறேன் என்று நினைக்காதே, நினைத்தாலும் சரி. பத்திரிகைக்கு எழுதப் போனபோது நீ செல்லம்மாளின் வாசலில் மண்ணில் உட்கார்ந்தாய். படம் எடுக்கப் போனபோது அந்த வாசலுக்குப் போகவில்லை. பத்து ஆட்கள், கேமரா, தோணி, வெயில் சாய்வதற்குள் முடிக்க வேண்டும் என்கிற பரபரப்பு, எல்லாம் சேர்ந்து நேரம் இல்லாமல் போயிருக்கும். இனிப் பட்டணத்தில் இன்னும் பெரிய ஆட்கள், இன்னும் பெரிய பரபரப்பு. அங்கே நீ யாருடைய கதையை எடுத்தாலும் அவர்கள் வாசலில் ஒரு பொழுது உட்கார்ந்துவிட்டு எடு. இப்போது கூட என்னைக் கேட்கிறாய். போனது என் பிள்ளையா? நான் பெற்ற பிள்ளை பட்டணத்தில் உட்கார்ந்து கடுதாசி எழுதுகிறான். நான் எப்படிச் சொல்வேன்?

அதனால் நேற்று செல்லம்மாள் கீரைக் கூடையை இறக்கியதும் உன் கடுதாசியை அவளுக்கு வாசித்துக் காட்டினேன். கோபப்படுவாள் என்றுதான் நினைத்தேன். கட்டை அவிழ்த்துக் கீரையைப் பரப்பி, பழுத்த இலைகளைக் கிள்ளிப் போட்டுக்கொண்டே இருந்தாள். கட்டு முழுவதும் முடிந்ததும், "அந்தப் படத்துல பையனுக்குப் பேரு என்னக்கா?" என்று கேட்டாள்.

எனக்கு நினைவு வரவில்லை. படத்துக்கு நடுவில் எழுத்து வருமே, அதில் தோணிக்காரன் என்று வரும், வியாபாரி என்று வரும், சிறுவன் என்று வரும். பெயர் ஒன்றும் இல்லை என்றேன்.

"பேப்பர்லயும் ஒரு சிறுவன்னுதான் போட்டிருந்து. அன்னைக்கு நீங்க வாசிச்சப்பவே கேக்கணும்னு நெனச்சேன்" என்றாள். "பொழச்சான்னு காட்டட்டும், போயிட்டான்னு காட்டட்டும். அதுல எனக்கு இனி என்ன இருக்கு? அவன் பேரு இசக்கிமுத்து. அத மட்டும் போடச் சொல்லுங்க. ஊர் ஊரா அந்தப் படம் போவும்லா? அங்கன உள்ளவுக அவனப் பேரச் சொல்லிக் கூப்பிடட்டும்."

கூடையை எடுத்துக்கொண்டு போய்விட்டாள். இவ்வளவு நாளும் பிழைப்பானா, போய்விடுவானா என்று மண்டையை உடைத்துக்கொண்டோமே, அவனுக்குப் பெயர் இல்லை என்பது நம் இரண்டு பேருக்கும் தோன்றவே இல்லை. பள்ளிக்கூடத்தில் ஒவ்வொரு பையனையும் நீ பெயர் சொல்லித்தானே கூப்பிடுவாய்.

அந்தப் பெரிய மனிதர்கள் படத்தைப் பார்ப்பதற்கு முன்னால், தோணியில் பையன் ஏறுகிற இடத்தில், சிறுவன் என்று வருகிற எழுத்தை எடுத்துவிட்டு இசக்கிமுத்து என்று போடு. பெரிய எழுத்தாகப் போடு. அதைப் போட்ட பிறகு எந்த முடிவைக் காட்ட உன் கை போகிறது என்று பார். எனக்கு இன்னும் தெரியவில்லை.

இப்படிக்கு,
உன் அம்மா